ரெஸெக் கேட்ட ரீடேக்

போஹ்தான் ரெஸெக் படம் எடுக்கும்போது பக்கத்தில் ஆள் செத்தாலும் கேமராவைக் கீழே வைக்க மாட்டார். எங்கள் தொழிலில் இருப்பவர்களில் பாதிப் பேர் இதைப் பெருமையாகச் சொல்வார்கள். மீதிப் பேர் காறித் துப்புவார்கள்.

இந்தப் பெயர் அவருக்கு ஒஸ்ட்ராவா நகரத்தில் வந்தது. உருக்காலைக்கு எதிரே ஒரு மதுக்கடை. இரவு ஷிப்ட் முடித்துவந்த இரண்டு உலைக்காரர்களுக்குள் காலையிலேயே தகராறு. ஒருவன் பீர்க் குவளையை மேஜை விளிம்பில் அடித்து உடைத்து, மற்றவன் முகத்தில் வைத்துத் திருகினான். கண் போய்விட்டது. ரெஸெக்கின் கேமரா ஒரு முழத் தூரத்தில் நின்றது. துளிகூட ஆடவில்லை. வெளிநாட்டுப் படவிழா ஒன்றில் அந்தப் படத்துக்குப் பரிசு கிடைத்தது. கண் போனவன் பிராகில் நடந்த முதல் காட்சிக்கு வந்தான். கடைசிவரை உட்கார்ந்து பார்த்தான். வெளியே போகும்போது ரெஸெக்கை ஓங்கி ஒரு அறை அறைந்தான். அந்த அறையின் சத்தம் என்னிடம் இருக்கிறது. ரெக்கார்டரை நிறுத்தச் சொல்லி ரெஸெக் சைகை காட்டவில்லை.

என் பெயர் மிலாடா. அவருக்கு ஒலிப்பதிவு செய்தவள். எங்கள் குழுவே இரண்டு பேர்தான். தோளில் கேமராவோடு அவர், நீளக் கழியில் மைக்கோடு நான்.

பழைய கம்யூனிஸ்ட் ஆட்சியில் அவர் அரசாங்கச் செய்திப்பட நிலையத்தில் வேலை பார்த்தார். அங்கே எல்லா டைரக்டர்களும் ஒரே மாதிரிதான் எடுப்பார்கள். டிராக்டர் மேல் உட்கார்ந்திருப்பவரிடம், "தோழரே, இன்னொரு தடவை சிரிங்க" என்பார்கள். அவரும் சிரிப்பார். ரெஸெக் அதைச் செய்ய மறுத்தார். ஒழியட்டும் என்று அவரைச் சுரங்கங்களைப் படம் பிடிக்க அனுப்பினார்கள். ஃபிலிமையும் கிள்ளிக் கிள்ளித்தான் கொடுத்தார்கள். அங்கேதான் அவருக்கு ஒரு பாணி உண்டானது. மோட்டாரை ஓட்டாமல் கேமராவைத் தோளில் வைத்துக்கொண்டு மரம்போல நிற்பார். ஜனங்கள் அவரை மறந்தபிறகுதான் விசையை அழுத்துவார்.

கேள்வி கேட்க மாட்டார். இங்கே நில், அங்கே நட என்று சொல்ல மாட்டார். எதையும் திரும்பச் செய்யச் சொல்லவே மாட்டார். "சார், நான் எங்க நிக்கட்டும்?" என்று யாராவது கேட்டால் காது கேட்காதவர்போல இருப்பார். பல ஊர்களில் அவரை நிஜமாகவே செவிடர் என்று நினைத்திருக்கிறார்கள்.

ஆட்சி மாறியதும் தன் பெரிய படத்தைத் தொடங்கினார். ஒரு கணவன், ஒரு மனைவி. வருடத்துக்கு ஒரே ஒரு நாள் படப்பிடிப்பு. அந்த நாளாக அவர் தேர்ந்தெடுத்தது ஜனவரியில் பன்றி அறுக்கும் நாள். எங்கள் கிராமங்களில் அன்றைக்கு வீட்டுக்குள் யாரும் ஒளிந்துகொள்ள முடியாது. விடிந்ததிலிருந்து எல்லோரும் முற்றத்தில்தான். நெருப்பு, ரத்தம், கொதிநீர், சாராயம். ஒரு குடும்பம் எப்படிப்பட்டது என்று பார்க்க இதைவிட நல்ல நாள் கிடையாது என்பார்.

அந்தக் கணவன் லூபோர். மோஸ்ட் என்ற ஊருக்குப் பக்கத்து நிலக்கரிச் சுரங்கத்தில் ராட்சத மண்வாரி இயந்திரம் ஓட்டியவன். முதல் ஜனவரியில் புது மாப்பிள்ளை, அழகன். நான்காவது ஜனவரியில் சுரங்கத்தை மூடிவிட்டார்கள். அதன் பிறகு குடித்தான், அடித்தான். மனைவி ஹெட்விகா கண்ணாடித் தொழிற்சாலையில் பொட்டலம் கட்டுபவள். ஒவ்வொரு வருடமும் எங்கள் கேமராவுக்கு முன் புதிதாக ஏதாவது ஒன்றோடு வருவாள். ஒரு வருடம் முன்பல் இல்லை. ஒரு வருடம் சுண்டுவிரல் வளைந்திருந்தது. போலீஸிடம் போனாள், குடும்ப விவகாரம் என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். ரெஸெக் படத்தொகுப்பு அறையில் அவள் கைகளை மட்டும் வருடவாரியாக ஒட்டிவைத்துப் பார்ப்பார். ஒன்றும் சொல்ல மாட்டார்.

ஆனால் படப்பிடிப்பு நாளில் லூபோர் அவளைத் தொட்டதே இல்லை. முதல் வருடக் காட்சிகள் கொஞ்சம் டெலிவிஷனில் வந்தபோது மதுக்கடையில் அவனுக்கு ஆளாளுக்கு பீர் வாங்கிக் கொடுத்தார்களாம். அதிலிருந்து எங்கள் வண்டி வரும் நாளில் சவரம் செய்துகொள்வான், புது ஸ்வெட்டர் போடுவான்.

அது எட்டாவது ஜனவரி.

நாங்கள் வண்டியிலிருந்து சாமான்களை இறக்கும்போதே ஹெட்விகா வந்துவிட்டாள். ரத்தம் பிடிக்கும் வாளியைக் கழுவும் சாக்கில் ரெஸெக் பக்கத்தில் குனிந்தாள்.

"சபினாவ நேத்தே எங்க அக்கா வீட்டுக்கு அனுப்பிட்டேன். மத்தியானப் பஸ்ல நானும் போயிடுவேன். திரும்பி வர மாட்டேன்."

சபினா அவர்கள் மகள். ரெஸெக் லென்ஸைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

"சொல்லாம ஓடினா தேடி வந்துடுவான். போன தடவை அப்படித்தான். அக்கா வீட்டு மாடிப்படியில தலைமுடியப் பிடிச்சு இழுத்துட்டு வந்தான். அதனால இன்னிக்கு உங்க மெஷின் முன்னாடியே சொல்லப் போறேன். மெஷின் ஓடறப்ப அவன் கை நீட்ட மாட்டான். நான் சொல்லி முடிச்சு இந்தக் கேட்டைத் தாண்டற வரைக்கும் நிறுத்தாதீங்க. அது ஒண்ணுதான் கேக்கறேன்."

ரெஸெக் லென்ஸை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார்.

"வாயைத் திறக்க வேணாம். தலையாவது ஆட்டுங்க."

அவர் ஆட்டவில்லை. அவள் வாளியை எடுத்துக்கொண்டு போய்விட்டாள்.

எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது. "அவ உயிரைப் பத்திப் பேசறா, போஹ்தான்."

"கேட்டுச்சு."

"தலைய ஆட்டினா உங்களுக்கு என்ன குறைஞ்சு போயிடும்?"

"ஆட்டினா அவ இன்னிக்குச் செய்யறது பூரா நான் சொல்லிச் செஞ்சதா ஆயிடும். எட்டு வருஷமும் குப்பைக்குப் போயிடும்."

"உங்க எட்டு வருஷம்."

"அவளோடதும்தான்," என்றார். "போய் அவனுக்கு மைக் மாட்டு."

நான் போய் லூபோரின் ஸ்வெட்டருக்குள் சின்ன மைக்கைக் குத்தினேன். அவனிடம் ஏற்கெனவே சாராய வாடை.

"கை ஜில்லுன்னு இருக்கே, மிலாடா. உங்க ஆளு இன்னிக்காவது வாயைத் திறப்பானா? எட்டு வருஷமா என் முற்றத்துல நிக்கறான். ஒரு காலை வணக்கம் கிடையாது. என் மாமியார்கூட இதவிட அதிகம் பேசுவா, அவளுக்கு வாதம் வந்தப்புறம்கூட."

கசாப்புக்காரர் ஓல்டா சிரித்தார். ஊரில் எல்லா வீட்டுப் பன்றிகளையும் அறுப்பவர் அவர்தான். எழுபதைத் தொட்டவர், எல்லோருக்கும் மாமா. தோல்பையிலிருந்து கத்திகளை எடுத்துப் பலகையில் வரிசையாக வைத்தார். கடைசியாகப் பன்றியின் நெற்றியில் வைத்துச் சுடும் இரும்புக் குழாயை எடுத்தார்.

"முதல்ல ஒரு வாய் ஊத்து, லூபோர். வெறும் வயித்தோட கொன்னா பாவம்."

குடித்தார்கள். பன்றியை இழுத்து வந்தார்கள். ரெஸெக்கின் கேமரா ஓட ஆரம்பித்தது.

ஓல்டா மாமாவின் கை அன்றைக்குத் தவறிவிட்டது. குழாய் நெற்றியில் சரியாக உட்காரும் முன்பே வெடித்துவிட்டது. பன்றி விழவில்லை. ஒரு கண்ணோரம் கிழிந்து தொங்க, கயிற்றை அறுத்துக்கொண்டு முற்றம் முழுவதும் ஓடியது. அதன் அலறல் என் ஹெட்போனில் ஊசி ஊசியாக இறங்கியது. வாளிகள் உருண்டன. ஹெட்விகா சுவரோடு ஒட்டிக்கொண்டாள்.

"விடு மாமா, நான் பாத்துக்கறேன்." லூபோர் விறகுக் குவியலிலிருந்து கோடாலியை எடுத்தான். முதல் வெட்டு முதுகில் விழுந்தது. அது தேவையே இல்லாத வெட்டு. இரண்டாவது முன்காலில். பன்றி முட்டி போட்டதும் கோடாலியைத் திருப்பி, பின்பக்கத்தால் மண்டையில் போட்டான். போட்டுக்கொண்டே இருந்தான். அது செத்து வெகுநேரம் ஆகியிருந்தது.

பிறகு நெற்றியைத் துடைத்துக்கொண்டு கேமராவைப் பார்த்தான். "கிடைச்சுதா, டைரக்டரே?"

ரெஸெக் அசையவில்லை.

"கிடைச்சிருக்கும். இதுக்குத்தான நிக்கறான்."

ஓல்டா மாமா கழுத்தில் கத்தியை இறக்கினார். ஹெட்விகா வாளியைப் பிடித்து, ரத்தம் உறைந்துவிடாமல் வெறும் கையால் கலக்கிக்கொண்டே இருந்தாள். முழங்கைவரை சிவப்பு. அந்த வளைந்த விரலும் அதற்குள் சுற்றிக்கொண்டிருந்தது. ரெஸெக் அதை மட்டும் நெடுநேரம் எடுத்தார்.

தொட்டியில் கொதிநீர் ஊற்றி, சங்கிலியால் உரசி, ரோமம் எடுத்து, பன்றியைச் சட்டத்தில் தலைகீழாகத் தொங்கவிட்டு வயிற்றைப் பிளந்தார்கள். கொப்பரையில் தலையும் ஈரலும் வெந்தன. ரெஸெக் புது ரீல் மாட்டினார். அதைப் பார்த்ததும் ஹெட்விகா கையைக் கழுவினாள். இடுப்பில் கட்டியிருந்த ஏப்ரனை அவிழ்த்து ஆணியில் மாட்டினாள். கொட்டகைக்குள் போய் மேல்கோட்டை எடுத்துவந்து போட்டுக்கொண்டாள். கேமரா தன் பக்கம் திரும்பிவிட்டதா என்று பார்த்துவிட்டு, முற்றத்தின் நடுவில் போய் நின்றாள்.

"லூபோர், நான் போறேன்."

"எங்க? உப்பு வாங்கவா?"

"அக்கா வீட்டுக்கு. சபினா அங்கதான் இருக்கா. இனிமே நாங்க இங்க வர மாட்டோம்."

அவன் முதலில் சிரித்தான். மாமாவைப் பார்த்தான், என்னைப் பார்த்தான், கடைசியாகக் கேமராவைப் பார்த்தான். அது ஓடுகிறது என்று தெரிந்ததும் முகம் மாறியது. சோகமான கணவனாகிவிட்டான்.

"பாருங்க," என்று லென்ஸிடம் சொன்னான். "பன்னி இன்னும் சூடு ஆறல. ஒரு குடும்பத்த எப்படிப் பிரிக்கறா பாருங்க. நான் இவளுக்கு என்ன குறை வெச்சேன்?"

"என் பல்லு," என்றாள் ஹெட்விகா. "இந்த விரல். போன வருஷம் வயித்துல இருந்தது. இன்னும் சொல்லட்டுமா? இவங்ககிட்ட எல்லாம் பதிவாகியிருக்கு."

அதை அவன் எதிர்பார்க்கவில்லை. அவன் மார்பில் குத்திய மைக் வழியாக மூச்சு மாறுவது எனக்குக் கேட்டது. ஹெட்விகா கேட்டை நோக்கி நடந்தாள். அவன் குறுக்கே வந்தான். உதடு அசையாமல் அவளிடம் அவன் முணுமுணுத்தது என் காதில் மட்டும் விழுந்தது: "உள்ள போடி. இவனுங்க போனதும் உன்னத் தொட்டியில போட்டு வேக வைக்கறேன்."

"இங்கயே பேசு," என்றாள் அவள் உரக்க. "எல்லாருக்கும் கேக்கற மாதிரி பேசு."

அறைந்தான். எட்டு வருடத்தில் முதல் முறையாகக் கேமராவுக்கு முன்னால் அறைந்தான். அறைந்துவிட்டு அவனே திகைத்தான். ஒரு நொடிதான். ஒரு முறை தாண்டிவிட்ட பிறகு இனி என்ன என்று தோன்றியிருக்க வேண்டும். இரண்டாவது அடி முஷ்டியால் விழுந்தது. அவள் மூக்கு உடைந்த சத்தம் காய்ந்த சுள்ளி ஒடிவதுபோல இருந்தது.

"டேய் லூபோர், விடுடா," என்று ஓல்டா மாமா நடுவில் வந்தார். லூபோர் ரோமம் உரசும் சங்கிலியைச் சுழற்றி அவர் விலாவில் வீசினான். கிழவர் சுருண்டு விழுந்தார். விழுந்தவரை இன்னும் இரண்டு உதை உதைத்தான். பலகையிலிருந்து நீளமான கத்தியை எடுத்தான். ஹெட்விகாவின் தலைமுடியைச் சுருட்டிப் பிடித்து, பன்றி தொங்கும் சட்டத்தின் மேல் அவளைச் சாய்த்து, கழுத்தை நிமிர்த்தினான்.

ரெஸெக் எடுத்துக்கொண்டிருந்தார்.

"போஹ்தான், கேமராவ வைங்க," என்றேன்.

"வெக்க மாட்டான்," என்றான் லூபோர். "அந்தக் கண்ணு போனவன் கதை எனக்கும் தெரியும். என்ன டைரக்டரே? எட்டு வருஷமா இதுக்குத்தானே காத்திருந்த? உனக்கு ஒரு முடிவு வேணும். நல்லா எடுத்துக்கோ. மூஞ்சி தெரியற மாதிரி எடு."

அப்போதுதான் அது கேட்டது. ஃபிலிம் ஓடும்போது கேமராவுக்குள் பற்கள் கடித்து இழுக்கும் ஒரு கரகரப்பு இருக்கும். அது நின்றுபோய், வெறும் மோட்டார் மட்டும் லேசாகச் சுழன்றது. ரீல் தீர்ந்துவிட்டது. அடுத்தது வண்டியில் இருந்தது.

ரெஸெக்குக்கும் அது தெரிந்தது. அவர் தோள் இறங்குவதற்காக ஒரு விரற்கடை அசைந்ததைப் பார்த்தேன். இறங்கினால் லூபோருக்கு நடிக்க ஒன்றும் மிஞ்சாது. கத்தி மட்டும்தான் மிஞ்சும்.

தோள் இறங்கவில்லை. கேமரா கண்ணிலேயே இருந்தது. அதன் பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. எட்டு வருடத்தில் அந்த முற்றத்தில் யாரும் கேட்டிராத குரல்.

"லூபோர், அங்க வெளிச்சம் இல்ல."

லூபோர் அப்படியே நின்றான். தரையில் கிடந்த மாமாகூட முனகலை நிறுத்தினார்.

"என்ன?"

"நிழல்ல நிக்கற. உன் மூஞ்சி தெரியல, பன்னியோட முதுகுதான் தெரியுது. இந்தப் பக்கம் ரெண்டு அடி வா."

"பேசறான்டா," என்றான் லூபோர். அவனுக்கு ஆச்சரியத்தில் கோபமே மறந்துவிட்டது. முடியைப் பிடித்தபடியே ஹெட்விகாவை வெயிலுக்கு இழுத்துவந்தான்.

"அவ உன்ன மறைக்கறா. முடிய விடு. ஆம்பளைங்க முடியப் பிடிக்கறது படத்துல மலிவா இருக்கும். ஸ்வெட்டரைச் சரி பண்ணிக்கோ, ரத்தம் தெரியட்டும்."

அவன் முடியை விட்டான். ஸ்வெட்டரைக் கீழே இழுத்துச் சரி செய்தான். என் வாழ்க்கையில் அதைவிடக் கேவலமான ஒன்றை நான் பார்த்ததில்லை.

"இப்ப சரியா?"

"பரவால்ல. ஆனா ஆரம்பம் சரியா வரல. அவசரப்பட்டுட்ட. முதல்லேர்ந்து எடுக்கணும். நீ கொட்டகை வாசலுக்குப் போ. அங்கேர்ந்து நடந்து வா. மெதுவா. கேமராவ மட்டும் பாத்து வா."

"கத்தி எந்தக் கையில?"

"எந்தக் கை பழக்கம்?"

"வலது."

"அப்ப வலதுலயே இருக்கட்டும். போ."

லூபோர் கொட்டகைப் பக்கம் திரும்பி நடந்தான். ஒரு தடவை திரும்பிப் பார்த்தான். ரெஸெக் கையால் இன்னும் போ, இன்னும் போ என்று காட்டினார்.

"மிலாடா, நீ கேட்டுக்கு வெளிய போய் நில்லு. சத்தம் அங்கேர்ந்து வேணும். ஹெட்விகா, நீங்க வெளிய போயிட்டு, நான் சொல்றப்ப திரும்பி வரணும்."

ஹெட்விகாவுக்குப் புரியவில்லை. மூக்கிலிருந்து ரத்தம் கொட்ட, அவர் முகத்துக்கு நேரே வந்தாள்.

"நாயே. இன்னொரு தடவை கத்திக்குக் கழுத்தக் காட்டணுமா நான் உனக்கு?" சொல்லிவிட்டு அவர் மேல் துப்பினாள். லென்ஸ் முழுக்க ரத்தம்.

"போங்க," என்றார் ரெஸெக். தாழ்ந்த குரலில், "கேட்டை மூடிக்கிட்டுப் போங்கம்மா."

நான் அவள் கையைப் பிடித்து இழுத்தேன். கேட்டைத் தாண்டினோம். தகரக் கேட்டை இழுத்து மூடி, வெளிப்பக்க வளையங்களில் என் மைக் கழியைச் செருகினேன். ரெக்கார்டர் என் தோளில் ஓடிக்கொண்டிருந்தது. லூபோரின் மைக் அவன் மார்பில் இருந்தது. இனி எனக்குப் பார்வை இல்லை, காது மட்டும்தான்.

முதலில் காலடிச் சத்தம். பனியில் மெதுவாக நடந்து வருகிறான், சொன்னபடியே. பிறகு அவன் குரல்.

"எங்க அவ?"

"ஃபிரேமுக்கு வெளிய."

"கூப்பிடு."

இன்னும் இரண்டு மூன்று அடி. மூச்சு நெருங்கியது. எட்டு வருடம் அந்த மெஷினுக்கு முன்னால் நின்றவன். அதன் சத்தம் அவனுக்கும் பழக்கம்தானே.

"இது ஓடல," என்றான் லூபோர். "டேய், இதுல ஒண்ணும் ஓடல."

அதற்குப் பிறகு கேட்டதை இப்போதும் முழுதாகச் சொல்ல வராது. கத்தி எதிலோ வழுக்கிக்கொண்டு போய், மெத்தென்று ஏதோ ஒன்றில் இறங்கியது. ரெஸெக் கத்தவில்லை, காற்றை உறிஞ்சினார். இரும்பு எலும்பில் மோதியது. லூபோர் குரைத்தான். மறுபடி இரும்பு. இரண்டு பேரும் தொட்டியில் விழுந்திருக்க வேண்டும். தண்ணீர் அலம்பியது. மைக் நனைந்து, சத்தம் குமிழி குமிழியாக வந்தது. ஒருவன் இன்னொருவனை முக்கிக்கொண்டிருந்தான். யார் யாரை என்று தெரியவில்லை.

"என்ன கேக்குது?" ஹெட்விகா என் தோளைப் பிடித்து உலுக்கினாள். "சொல்லு, என்ன கேக்குது?"

நான் ஹெட்போனின் ஒரு பக்கத்தை அவள் காதில் வைத்தேன். கேட்டாள். பிறகு கழியை வளையத்திலிருந்து உருவப் பார்த்தாள்.

"விடு. அந்த ஆளைக் கொன்னுடுவான்."

"நீ உள்ள போனா உன்னையும் கொல்லுவான்."

"எனக்காகத்தானே அங்க நிக்கறான். இப்பத்தான் எனக்குப் புரியுது, விடு."

என்னால் அவளைப் பிடிக்க முடியவில்லை. இரண்டு கையாலும் அவளைக் கட்டிக்கொண்டு கேட்டில் சாய்ந்தேன். என் முன்கையைக் கடித்துவிட்டாள், அந்த இல்லாத பல்லின் இடைவெளியோடு. தெருவில் நாங்கள் போட்ட கூச்சல் கேட்டு அக்கம்பக்கத்துக்காரர்கள் ஓடிவந்தார்கள். பன்றி நாளில் அலறல் சகஜம் என்பதால் அதுவரை யாரும் எட்டிப் பார்க்கவில்லை.

கேட்டைத் திறந்தபோது ஓல்டா மாமா தரையில் படுத்தபடியே சங்கிலியை லூபோரின் கணுக்காலில் சுற்றி இரண்டு கையாலும் பிடித்திருந்தார். உடைந்த விலாவோடு அவர் எப்படி அவ்வளவு தூரம் தவழ்ந்தார் என்று அவருக்கே தெரியாது. லூபோர் முகம் குப்புறக் கிடந்தான், தாடை ஒரு பக்கமாகப் போயிருந்தது. ரெஸெக் அவன் முதுகில் உட்கார்ந்திருந்தார். இடது உள்ளங்கையில் கத்தி இந்தப் பக்கம் இறங்கி அந்தப் பக்கம் வந்திருந்தது. வலது கையில் கேமரா. லென்ஸ் உடைந்து, மூடி பிய்ந்து, உடம்பெல்லாம் பன்றி ரோமமும் ரத்தமும். அதை மறுபடி ஓங்கிக்கொண்டிருந்தார். இரண்டு பேர் சேர்ந்து பிடித்துத்தான் அவர் கையிலிருந்து அதை வாங்க முடிந்தது.

போலீஸ் வண்டியில் ஏற்றும்போது லூபோர் முரண்டு பிடித்து நின்றான். நொறுங்கிய தாடையால் சொற்களைத் தேடிப் பிடித்து, ரெஸெக்கைப் பார்த்துக் கேட்டான்.

"முதல்ல எடுத்தது... அது நல்லா வந்திருக்கா?"

ஆம்புலன்ஸ்காரர் ரெஸெக்கின் கையைக் கட்டிக்கொண்டிருந்தார்.

"அறையறது வரைக்கும் இருக்கும்," என்றார் ரெஸெக். "நீ கத்தி எடுத்த கொஞ்ச நேரத்துல ரீல் தீர்ந்துடுச்சு. வெளிச்சத்துக்கு வந்து நின்னியே, அது எதுவும் கிடையாது."

லூபோர் அதற்கு முன் ஒரு சொட்டுக் கண்ணீர் விடவில்லை. மாமாவை உதைத்ததற்கோ, மனைவியின் மூக்குக்கோ விடவில்லை. அப்போது அழுதான்.

வழக்கு வசந்தத்தில் வந்தது. லூபோரின் வக்கீல் கெட்டிக்காரர். படச்சுருளைப் பற்றி வாயே திறக்கவில்லை. என் ஒலிநாடாவைத்தான் போடச் சொன்னார். நீதிமன்றம் முழுக்க ரெஸெக்கின் குரல் நிறைந்தது. *முடிய விடு. ஸ்வெட்டரைச் சரி பண்ணிக்கோ. முதல்லேர்ந்து எடுக்கணும்.*

"இது உங்க குரல்தானே, ரெஸெக்?"

"ஆமா."

"என் கட்சிக்காரர் அன்னிக்கு ஒரு படத்துல நடிச்சார். நீங்க இயக்கினீங்க. கத்தி எந்தக் கையிலன்னு உங்ககிட்ட கேட்டுட்டுத்தான் பிடிச்சார். கொலை பண்ண வர்றவன் இப்படி அனுமதி கேப்பானா?"

முன்வரிசையில் பத்திரிகைக்காரர்கள் எழுதினார்கள். எங்கள் தொழில்காரர்களும் சிலர் வந்திருந்தார்கள், அவர் பாணியை மாணவர்களுக்குப் பாடமாக நடத்துபவர்கள். ஒருவர் முகத்தைக் கையால் மூடிக்கொண்டார்.

நீதிபதி ஒரு பெண்மணி. பேனாவை வைத்துவிட்டுக் கேட்டார். "எதுக்காக அப்படிச் சொன்னீங்க? வழக்கமா நீங்க யாருக்கும் எதுவும் சொல்ல மாட்டீங்கன்னு உங்களத் தெரிஞ்ச சாட்சிகளே சொல்றாங்க."

ரெஸெக்கின் இடது கை மேஜையின் மேல் கிடந்தது. நரம்பு அறுந்த மூன்று விரல்கள் இனி மடங்காது. கேமராவில் ஃபோகஸ் திருப்பும் விரல்கள் அவை.

"கேமராவுல ஃபிலிம் இல்ல. அவன் அவள அறுக்கப் போறான்னு தெரிஞ்சது. எனக்கு அடிக்கத் தெரியாது, கும்பிடத் தெரியாது. படம் எடுக்கறது ஒண்ணுதான் தெரியும். அதனால எடுக்கற மாதிரி இருந்தேன்."

"அதாவது ஏமாத்தினீங்க," என்றார் வக்கீல்.

"ஆமா."

"இதுக்கு முன்னாடியும் இப்படிச் செஞ்சிருக்கலாம். ஒஸ்ட்ராவாவுல அந்தக் கண்ணு போனப்ப, யாரு கண்டா, குவளைய இப்படித் திருப்புன்னு நீங்களே சொல்லியிருக்கலாம்."

அரங்கில் சலசலப்பு. நான் எழுந்து கத்த நினைத்தேன். ரெஸெக் திரும்பி, வேண்டாம் என்று என்னை ஒரு பார்வை பார்த்தார்.

"அப்ப சொல்லல," என்றார். "அப்ப ஏதாவது சொல்லியிருந்தா அவனுக்குக் கண்ணு இருந்திருக்கும்."

"இனிமே உங்க படம் எதையாவது யாராவது நம்புவாங்களா?"

"நம்ப மாட்டாங்க."

மறுநாள் எல்லாப் பத்திரிகையிலும் அதுதான் தலைப்பு. லூபோர் சிறைக்குப் போனான், ஆனால் வக்கீல் கேட்ட அளவுக்குத் தண்டனையைக் குறைத்தார்கள். திரைப்படக் கல்லூரியில் ரெஸெக் எடுத்துவந்த வகுப்புகள் சத்தமில்லாமல் நின்றுபோயின. எட்டு வருடப் படத்தை வாங்கவிருந்த தொலைக்காட்சி நிலையம் கைகழுவிவிட்டது. அவர் யாரிடமும் எதையும் விளக்கவில்லை.

எனக்கு அந்த நீதிமன்ற நாளில் நினைவிருப்பது வேறு. வக்கீல் அந்தக் கடைசிக் கேள்வியைக் கேட்டபோது, இரண்டாம் வரிசையில் ஹெட்விகா உட்கார்ந்திருந்தாள். மூக்கு சற்றுக் கோணலாகக் கூடியிருந்தது. பக்கத்தில் சபினா, பசி என்று அவள் கோட்டை இழுத்துக்கொண்டே இருந்தாள். ஹெட்விகா பையிலிருந்து ஒரு சின்ன ஆரஞ்சை எடுத்து, வளைந்த விரலால் தோலைக் கிழித்து, சுளை சுளையாகப் பிரித்து மகளுக்குக் கொடுத்துக்கொண்டிருந்தாள். காவலர் சாப்பிடக் கூடாது என்று சைகை காட்டினார்.

அவள் காவலரைப் பார்த்துவிட்டு, அடுத்த சுளையைத் தன் வாயில் போட்டுக்கொண்டாள்.